அரை நாளில் ஒரு தீவு

கிழக்குக் கடற்கரைச் சாலையில் போகிற பலருக்கும் மணமேல்குடி டீக்கு வண்டி நிற்கிற ஊர். வேளாங்கண்ணியும் நாகூரும் முடித்து ராமேசுவரம் போகும் வேன்களும் கார்களும் முத்துப்பேட்டை, அதிராம்பட்டினம், கட்டுமாவடி தாண்டி இங்கே சற்று நின்று கிளம்புகின்றன. ஒரு வண்டியில் வடநாட்டுக் குடும்பம் இருக்கும், இன்னொன்றில் மலேசியாவிலிருந்து வந்த தமிழ்க் குடும்பம் இருக்கும். பயணத் திட்டம் மட்டும் எல்லாருக்கும் ஏறக்குறைய ஒன்றுதான். நண்பகலுக்குள் பாம்பன், பிற்பகலில் தீவு முழுவதும், இரவே மதுரை.

தனி வண்டி அமர்த்தி அரை நாளில் ஒரு தீவின் பண்பாட்டைப் பார்ப்பது இன்று உலகெங்கும் நடக்கும் தொழில். பாலியிலும் பினாங்கிலும் யாழ்ப்பாணத்துத் தீவுகளிலும் நடப்பதுதான் நம் ராமேசுவரத்திலும் நடக்கிறது. அந்த அரை நாளில் எதைப் பார்க்கிறோம், எது கண்ணில் படாமலே போகிறது, அதை வேறுவிதமாக அமைக்க வழி உண்டா என்பவைதான் இங்கே கேள்விகள். என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நேரம் குறைவாக இருப்பதில் குற்றமில்லை. கடலை நம்பி வாழும் ஊரைக் கடலின் நேரத்துக்குப் பார்க்காமல் வண்டியின் நேரத்துக்குப் பார்க்கிறோம். கெடுவது அங்கேதான்.

ராமேசுவரப் பயணம் இப்படிச் சுருங்க இருநூறு ஆண்டு ஆகியிருக்கிறது. தஞ்சை மராத்தியர் காலத்தில் வடக்கேயிருந்து சேதுவுக்குப் போனவர்கள் மாதக்கணக்கில் நடந்தார்கள். அவர்களுக்காகவே வழிநெடுகச் சத்திரங்கள் எழுந்தன. ஒரத்தநாட்டு முக்தாம்பாள் சத்திரம், சேதுபாவாசத்திரம், பிறகு மணமேல்குடி, மீமிசல் என்று அந்த வரிசை தெற்கே நீண்டது. இத்தகைய சத்திரங்களைக் காப்பாற்றித் தரும்படி இரண்டாம் சரபோஜி 1801-இல் ஆங்கிலேய ரெசிடெண்டுக்கு எழுதிய கடிதத்தைப் படித்தால் அந்தக் காலத்துப் பயணம் எப்படி இருந்தது என்று விளங்கும். எந்தச் சாதியாராக இருந்தாலும் வந்தவருக்குச் சோறு. சமைத்ததை உண்ணாதவருக்கு அரிசியும் சாமானும். நோயில் படுத்தவருக்கு வைத்தியரும் மருந்தும். வழியில் பிள்ளை பெறும் பெண்ணுக்குக் கவனிப்பு. யாத்திரிகர் என்றால் தங்குகிறவர், தன்னைக் கவனித்துக்கொள்ள ஊர் பொறுப்பேற்கிற ஆள் என்றுதான் அன்று பொருள் கொண்டார்கள். ஊருக்கும் வந்தவருக்கும் பேச்சு நடக்காமல் அந்தப் பயணம் நகர்ந்திருக்கவே முடியாது.

பிறகு 1914 பிப்ரவரி 24-இல் பாம்பன் ரயில் பாலம் திறந்தது. அதே ஆண்டில் தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் கப்பல் ஓடத் தொடங்கியது. சென்னையில் டிக்கெட் எடுத்தால் ரயில், கப்பல், மறுபடி ரயில் என்று கொழும்பு வரை போகலாம். ராமேசுவரம் யாத்திரையின் முடிவிடமாக மட்டும் இல்லாமல் போகும் வழியாகவும் ஆனது. 1964 டிசம்பர் 22 இரவு வந்த புயல் தனுஷ்கோடியை அழித்து, பாம்பனிலிருந்து போன பயணிகள் ரயிலையும் இழுத்துக்கொண்டது. தனுஷ்கோடி வழி அன்றோடு அடைபட்டது. 1988 அக்டோபர் 2-இல் சாலைப் பாலம் திறக்கும்வரை தீவுக்குள் வர ரயிலும் படகும்தான். அதன் பிறகுதான் வெளியூர் வண்டி நேராகக் கோயில் வாசலுக்கே வந்தது. 2017 ஜூலையில் அரிச்சல்முனை வரை தார்ச்சாலை திறந்தது. அதுவரை மணலில் தத்தித் தத்திப் போன பயணம் சில நிமிட ஓட்டமானது. 2025 ஏப்ரல் 6-இல் செங்குத்தாக உயரும் நடுப்பகுதியோடு புதிய ரயில் பாலமும் வந்துவிட்டது. இவற்றையெல்லாம் தீமை என்று நான் சொல்லவில்லை. பிரசவ வலியோடு கடல் கடக்க வேண்டியிருந்த தீவுப் பெண்ணுக்கு அந்தச் சாலைப் பாலம் உயிர் காத்தது. ஆனால் ஒவ்வொரு பாலமும் சாலையும் வெளியூர்க்காரர் தீவில் தங்கும் நேரத்தை வெட்டிக்கொண்டே வந்ததும் உண்மை.

இன்று வண்டிக்காரர்கள் இந்த அரை நாள் சுற்றை ‘லோக்கல் சைட்சீயிங்’ என்கிறார்கள். அக்னி தீர்த்தம், கோயிலுக்குள் 22 தீர்த்தம், ராமர் பாதம், லட்சுமண தீர்த்தம், மிதக்கும் கல் வைத்த பஞ்சமுக ஆஞ்சநேயர், அப்துல் கலாம் வீடு, பேய்க்கரும்பில் அவர் நினைவிடம், கோதண்டராமர் கோயில், தனுஷ்கோடி, போகும் வழியில் வில்லூண்டி. இத்தனை இடம், இத்தனை மணி நேரம் என்று பேசி முடிவாகிறது. கோயில் பகல் 1 மணிக்கு நடை சாத்தினால் 3 மணிக்குத்தான் திறக்கும். அரிச்சல்முனையிலிருந்து இருட்டுவதற்குள் திரும்ப வேண்டும். இந்த இரண்டு நேரத்துக்கும் இடையில் மீதி எல்லாம் அடங்க வேண்டும். அதனால்தான் 18-ஆம் நூற்றாண்டில் சேதுபதிகள் கட்டி முடித்த, 1212 தூண்கள் நிற்கும் மூன்றாம் பிரகாரத்தை, ஈரத்துணியோடு கிணற்றுக்குக் கிணறு ஓடும் வழியாகத்தான் பெரும்பாலோர் பார்க்கிறார்கள். அந்தப் பிரகாரத்தின் ஒரு கோடியில் நின்று மறுகோடியைப் பார்ப்பதற்குக் கால் மணி நேரம் போதும். அந்தக் கால் மணி நேரம் பட்டியலில் இல்லை.

ஓட்டுநர்களைக் குறை சொல்லி ஆகப்போவது ஒன்றுமில்லை. நடைக்கு இவ்வளவு என்று வாங்குகிறவர் ஒரு நடையைச் சீக்கிரம் முடித்தால்தான் அடுத்த நடை கிடைக்கும். அவர் சொல்லும் கதைக்கும் பொறுமைக்கும் தனிக் கூலி இல்லை. சங்குக்கடை வாசலில் நிறுத்தினால் கிடைக்கும் கமிஷன் உண்டு. எதற்குக் கூலி கிடைக்கிறதோ அதுதான் நடக்கும்.

அந்த ஓட்டத்தில் விடுபடுவது எது? தனுஷ்கோடியையே எடுத்துக்கொள்ளலாம். இடிந்த சர்ச், ரயில் நிலையத்தின் மிச்சச் சுவர், தபாலாபீஸ் சுவர் இவற்றுக்கு முன்னால் எல்லோரும் படம் எடுக்கிறார்கள். வாழத் தகுதியற்றது என்று அரசு அறிவித்த அதே மணலில் இன்றும் மீனவக் குடும்பங்கள் குடியிருக்கின்றன. குடிதண்ணீருக்கு அவர்கள் மணலைக் கையால் தோண்டுகிறார்கள். சில அடியில் ஈரம் தெரியும், பிறகு நீர் மெல்லச் சுரந்து குழியில் நிற்கும், கலங்காமல் சிரட்டையால் மொண்டு குடத்தில் விடுவார்கள். இரண்டு பக்கமும் உப்புக் கடல் இருக்க, நடுவே மழைநீர் மணலுக்குள் தங்கி உப்பின்மேல் மிதந்து நிற்பதால் கிடைக்கும் நல்ல தண்ணீர் அது. அந்த ஊற்றுக்குப் பக்கத்தில் பத்து நிமிடம் உட்கார்ந்து பேசியவருக்கு இந்தத் தீவில் மனிதர் எப்படித் தங்கினார்கள் என்பது புரிந்துவிடும். இடிந்த சுவர் அதைச் சொல்லாது.

அரிச்சல்முனையில் இரண்டு கடலும் சேருவதைக் காட்டுகிறார்கள். வடக்கே உள்ளது பெண் கடல், தெற்கே உள்ளது ஆண் கடல் என்பது தீவு வழக்கு. கச்சான் காற்று வீசும் மாதங்களில் தென்கடல் எழும்பிக் குதிக்கும், வடகடல் குளம்போல் கிடக்கும். வாடை தொடங்கிவிட்டால் நிலைமை மாறும். எந்தக் கரையில் வலை, எந்தக் கரையில் படகு என்று மீனவர் ஆண்டு முழுவதும் இடம் மாறுவது இந்தக் காற்றை வைத்துத்தான். இதைச் சொல்லிக்கொடுக்க ஆள் இருந்தால் அரிச்சல்முனையில் நிற்பது படம் எடுப்பதோடு முடியாது. அதே முனைக்குத்தான் 1983-க்குப் பிறகு ஈழத்திலிருந்து உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு படகுகள் வந்தன. 2022 மார்ச்சில் இலங்கையில் சோற்றுக்கே தட்டுப்பாடு வந்தபோது மறுபடி குடும்பங்கள் வந்து மணல்திட்டில் இறக்கிவிடப்பட்டன. சுற்றுலா வண்டியில் இது பேசப்படுவதில்லை.

பாம்பன் பக்கத்துச் சின்னப்பாலத்துப் பெண்களைப் பற்றியும் யாரும் பேசுவதில்லை. மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளைச் சுற்றிய ஆழமில்லாக் கடலில் பாசி எடுப்பது அவர்கள் தொழில். கண்ணில் கண்ணாடி, பாறை கிழிக்காதிருக்க விரல்களில் சுற்றிய துணி, காலில் ரப்பர் செருப்பு, இடுப்பில் கட்டிய பை. மூச்சை அடக்கி மூழ்கி மரிக்கொழுந்துப் பாசியையும் கட்டக்கோரையையும் பறித்து மேலே வருவார்கள். நாம் தின்னும் ஜெல்லியிலும் ஐஸ்கிரீமிலும் சேரும் பொருளுக்கு இந்தப் பாசிதான் மூலம். 1986-இல் அந்தத் தீவுகள் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்ட பிறகு வனத்துறையோடு அவர்களுக்கு நீண்ட மல்லுக்கட்டு. பாசி திரும்ப வளர வேண்டும் என்று மாதத்தில் 12 நாள் மட்டுமே எடுப்பது எனத் தங்களுக்குத் தாங்களே கட்டுப்பாடு வைத்துக்கொண்டார்கள். அவர்களில் ஒருவரான லட்சுமி மூர்த்திக்கு 2015-இல் அமெரிக்காவின் சீகாலஜி விருது கிடைத்தது. ராமேசுவரத்தின் பண்பாடு என்று யாராவது என்னைக் கேட்டால் கோபுரத்தையும் இந்தப் பெண்களின் 12 நாள் கணக்கையும் ஒன்றாகத்தான் சொல்வேன்.

கலாம் வீட்டைப் பார்க்கிறவர்களும் ஒன்றைத் தவறவிடுகிறார்கள். அவர் தந்தை ஜைனுலாப்தீன் மரப்படகு கட்டி, ராமேசுவரத்திலிருந்து தனுஷ்கோடிக்கு யாத்திரிகர்களை ஏற்றிச் சென்றவர். புயலில் அந்தப் படகு போய்விட்டது. சீதாராம கல்யாண விழாவில் ராம தீர்த்தக் குளத்துக்கு நடுவே உற்சவ மூர்த்திகளைக் கொண்டுசெல்லப் படகு ஏற்பாடு செய்வதும் அந்தக் குடும்பத்தின் பொறுப்பாக இருந்தது என்று கலாம் தம் சுயசரிதையில் எழுதியிருக்கிறார். இன்று நாம் சுற்றுலா என்று சொல்லும் தொழிலின் முன்னோடி, மசூதித் தெருவிலிருந்து இந்து யாத்திரிகர்களுக்குப் படகு விட்ட அந்த மனிதர்தான். வீட்டில் வைத்திருக்கும் விருதுகளைவிட எனக்கு அந்தப் படகு பெரிதாகத் தெரிகிறது.

மற்ற தீவுகளில் என்ன நடக்கிறது என்று பார்த்தால் இரண்டு மாதிரிகள் கிடைக்கின்றன. யாழ்ப்பாணத்திலிருந்து நெடுந்தீவு போகிறவருக்கு நேரத்தைக் கணக்கிட்டுத் தருவது குறிகட்டுவான் படகு. இறங்கியதும் வாடகை வண்டி பிடித்து, பவளக்கல் வேலிகள், டச்சுக் கோட்டையின் இடிபாடு, பெருக்கமரம், மேய்ந்து திரியும் குதிரைகள் என்று சுற்றி, திரும்பும் படகுக்கு ஓடி வருவார்கள். 1985 மே 15-இல் குமுதினிப் படகில் குழந்தைகள் உட்பட வெட்டிக் கொல்லப்பட்ட தீவு மக்களின் துயரத்தை, அதே கடல் வழியில் போய்வந்தும் பலர் அறியாமல் திரும்புகிறார்கள். அங்கும் பட்டியல்தான் ஆள்கிறது.

பினாங்கு வேறு மாதிரி. இந்தக் கரையின் அம்மாபட்டினம், கோட்டைப்பட்டினம், தொண்டி மக்களுக்கு அது உறவுக்காரர் வாழும் ஊர். ஜார்ஜ் டவுனின் பழைய பகுதி 2008-இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது. தமிழ் முஸ்லிம்களின் கப்பித்தான் கிளிங் பள்ளிவாசல், குவீன் தெரு மாரியம்மன் கோயில், சீனக் குவான்யின் கோயில், ஆங்கிலேயர் கட்டிய செயின்ட் ஜார்ஜ் சர்ச், சூலியா தெருவில் நாகூர் தர்கா. எல்லாம் நடந்தே பார்க்கும் தூரம். அரை நாள் அங்கே தாராளம். தூரம் குறைவு என்பது மட்டும் காரணமல்ல. நாசிக் கண்டார் கடையில் சாப்பிட உட்கார்ந்தாலே அந்த ஊர்க்காரர் ஒருவரோடு பேச்சு தொடங்கிவிடும். நடந்து போவதால் நிற்பதும் தானாக நடக்கிறது.

அரை நாள் ஆட்கள் கூடிப்போய்த் திணறும் ஊர்கள் கட்டணம் போட்டுப் பார்க்கின்றன. வெனிஸ் 2024 ஏப்ரலிலிருந்து, தங்காமல் பகலில் வந்து போகிறவரிடம் குறிப்பிட்ட நாட்களில் 5 யூரோ வாங்கத் தொடங்கியது. பாலி அதே ஆண்டு பிப்ரவரியிலிருந்து வெளிநாட்டார் ஒவ்வொருவரிடமும் 1,50,000 ருப்பியா வாங்குகிறது. கருவூலத்துக்கு வருமானம் வரும். கட்டணம் கட்டியவர் அந்த ஊரை முன்னைவிட நன்றாகப் பார்ப்பார் என்பதற்கு அதில் எந்த ஏற்பாடும் இல்லை. ராமேசுவரத்துக்கு இதைச் சொல்பவர்களோடு நான் உடன்படவில்லை. திதி கொடுக்க வரும் ஏழைக் குடும்பத்தின் தலையில்தான் அது விடியும்.

எனக்கு நம்பிக்கை தருவது நம் கரையிலேயே இருக்கிற காரங்காடு. தொண்டிக்குத் தெற்கே, தேவிபட்டினத்துக்கு முன்னால் உள்ள மீனவ ஊர். வனத்துறையும் ஊர் மக்களும் சேர்ந்து அங்கே அலையாத்திக் காட்டுக்குள் படகுச் சவாரி நடத்துகிறார்கள். படகு ஓட்டுவது உள்ளூர் மீனவர்கள். எந்தக் கால்வாயில் எப்போது தண்ணீர் நிற்கும், எந்தப் பறவை எப்போது வரும், கடற்புல் எங்கே என்பதெல்லாம் அவர்கள் தொழிலில் தெரிந்துகொண்டது. கரை திரும்பியதும் ஊர்ப் பெண்கள் சமைத்த நண்டும் மீனும் சாப்பாடு. அரை நாளுக்கு மேல் ஆகாது. நேரத்தை அங்கே முடிவு செய்வது கடல்நீர். காசும் ஊருக்குள்ளேயே நிற்கிறது. அதை நடத்துகிறவர்களுக்கு வந்தவரை அவசரப்படுத்த வேண்டிய தேவையே இல்லை.

இதே ஏற்பாடு மணமேல்குடிக்குப் பொருந்தாதா? இது தீவு இல்லை. ஆனால் தீவைத் தேடி ஓடுகிறவர்கள் அங்கே பார்க்காமல் விடுவதெல்லாம் இந்த வட்டாரத்தில் ஒரு மணி நேர ஓட்டத்துக்குள் இருக்கிறது. விசைப்படகுகள் பொதுவாகத் திங்கள், புதன், சனியில் கடலுக்குப் போகும். அதனால் செவ்வாய், வியாழன், ஞாயிறு காலையில் கோட்டைப்பட்டினம், ஜெகதாப்பட்டினம் துறைகளில் மீன் இறங்கும். விடியலில் அங்கே போய் நிற்பவர் ஏலம் கூவுவதைக் கேட்கலாம், இறாலும் நண்டும் தரம் பிரிவதைப் பார்க்கலாம். இலங்கைக் கடற்படை பிடித்துப்போன படகுகளைப் பற்றி உரியவர் வாயாலேயே கேட்கலாம். வழிகாட்டுகிறவர் நேர்மையாக இருந்தால், இழுவைமடியால் வலையறுந்து நிற்கும் வட இலங்கைத் தமிழ் மீனவரின் பக்கத்தையும் சொல்வார். சொல்லியாக வேண்டும். ஒரே மொழி பேசும் இரண்டு கரைகளின் சண்டை அது.

அங்கிருந்து கோட்டைப்பட்டினம் ராவுத்தர் தர்கா. எல்லா மதத்தாரும் வந்து வேண்டிக்கொள்ளும் இடம். பிறகு உள்நாட்டுப் பக்கம் திரும்பி உச்சிக்காலத்துக்கு ஆவுடையார்கோயில். பாண்டியனுக்குக் குதிரை வாங்க வந்த மாணிக்கவாசகர் அந்தப் பணத்தில் எழுப்பியதாகச் சொல்லப்படும் திருப்பெருந்துறை. மூலவர் சன்னிதியில் லிங்கம் இல்லை, ஆவுடை மட்டும். முன்னால் நந்தியும் இல்லை, கொடிமரமும் இல்லை. வடித்த புழுங்கலரிசிச் சோற்றை ஆவி பறக்கப் படைகல்லில் பரப்பி, கீரையும் பாகற்காயும் வைக்கிறார்கள். அந்த ஆவிதான் நைவேத்தியம். உருவமில்லாத கடவுளுக்கு உருவமில்லாத உணவு என்ற எண்ணத்தை இவ்வளவு எளிதாகக் கண்முன் வைக்கும் வழிபாட்டை நான் வேறெங்கும் கண்டதில்லை. கொஞ்சம் தள்ளி மண்டபத்து விளிம்பில் அண்ணாந்து பார்த்தால் கொடுங்கை. மரச்சட்டத்தில் கம்பி ஓட்டி ஆணி அறைந்ததுபோல் முழுதும் கருங்கல்லில் செதுக்கியது. வேறு ஊரில் வேலை ஒப்புக்கொள்ளும் ஸ்தபதிகள் ‘ஆவுடையார்கோயில் கொடுங்கை நீங்கலாக’ என்று எழுதிக் கொடுத்தார்கள் என்பது வழிவழியாக வரும் பேச்சு.

மூன்றே இடம். விடியலில் தொடங்கி உச்சியில் முடிகிறது. சற்று நேரம் உள்ளவர் திருப்புனவாசல் பெரிய ஆவுடையையும் பார்க்கலாம், மணமேல்குடிக்கே திரும்பி நின்றசீர் நெடுமாறனின் அமைச்சரான குலச்சிறை நாயனார் பிறந்த ஊரில் கால் வைக்கலாம். ஆடி, தை அமாவாசைகளில் வந்தால் எங்கள் மணமேல்குடிக் கோடியக்கரைக் கடலில் முன்னோருக்குத் தர்ப்பணம் கொடுக்கும் கூட்டத்தோடு நீராடலாம்.

இந்த ஏற்பாட்டுக்கு இன்னொரு தேவையும் உண்டு. 2022 செப்டம்பரில் தமிழக அரசு தஞ்சாவூர், புதுக்கோட்டைக் கடலில் 448 சதுர கிலோமீட்டரைக் கடற்பசுப் பாதுகாப்பகமாக அறிவித்தது. இந்தியாவில் இதுவே முதல். ஆவுளியா என்னும் கடற்பசு வலையில் மாட்டினால் மீனவர் வலையை அறுத்து அதைக் கடலில் விட்டால்தான் அந்த அறிவிப்புக்கு அர்த்தம். வலை அறுந்த நட்டத்துக்கு ஈடாக அவருக்கு வேறொரு வருமானம் வேண்டும். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை தடைக்காலம், 61 நாள் விசைப்படகுகள் கரையில் கிடக்கும். கடற்புல்லையும் ஆவுளியாவையும் தெரிந்த அந்த ஆட்கள் சும்மா இருக்கும் நாட்கள் அவை. பள்ளி விடுமுறைக் கூட்டம் இந்தச் சாலையில் போகும் நாட்களும் அவைதான். ஏலம் பார்க்க முடியாத அந்த மாதங்களில் படகைச் சீர்படுத்துவதையும் வலை முடிவதையும் காட்டலாம். வனத்துறை காரங்காட்டில் செய்ததை இங்கே செய்ய அனுமதியும் ஆள் பயிற்சியும் போதும். வழிகாட்டுகிறவருக்கு நடைக் கணக்கில் அல்லாமல் காலைப்பொழுதுக்கு இவ்வளவு என்று கூலி பேசப்பட வேண்டும். துறைக்குப் பக்கத்தில் பெண்கள் தயங்காமல் போகும்படியான கழிப்பறையும், நிழலும், மீன் சமைத்துத் தரும் பெண்களுக்குக் கூரை போட்ட ஓர் இடமும் வேண்டும். இவ்வளவையும் ஊராட்சிகளும் துறைமுகத்துப் படகுச் சங்கங்களும் வனத்துறையோடு உட்கார்ந்து பேசினால் அடுத்த தடைக்காலத்துக்குள் தொடங்கிவிடலாம்.